செத்ததும் சிரிக்க வேண்டும்

எங்கள் வீட்டு மாடியில் குடியிருப்பவர் சாவதை நான் முதன்முதலில் பார்த்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். டிவியில் ஏதோ படம் ஓடிக்கொண்டிருந்தது. கதாநாயகன் ஒரு ஆளை அலாக்காகத் தூக்கிக் கண்ணாடி மேஜைமேல் போட்டான். மேஜை நொறுங்கியது, ஆள் கண்ணைத் திறந்தபடியே கிடந்தான். "இது நம்ம மாடிக்காரனாக்கும்" என்றார் என் வீட்டுக்காரர், சோற்றுக் கையோடு. நான் உற்றுப் பார்ப்பதற்குள் செத்தவரே படியிறங்கி வந்து வாசலில் நின்றார். கையில் ஒரு கிண்ணம். "சேச்சி, கொறச்சு தயிர் கிட்டுமோ?" என்று கேட்டார்.

எனக்குச் சண்டைப் படம் ஆகாது. அடிப்பவனுக்குக் கை வலிக்காது, அடிபடுகிறவனுக்குப் பெயர் கிடையாது. காசு கொடுத்து அதைப் பார்ப்பதற்கு எங்கள் தெரு மீன்காரர்கள் போடும் சண்டையைச் சும்மா பார்க்கலாம். அதிலாவது என்ன காரணம் என்று விளங்கும். இதை அவரிடமே சொன்னேன். அவர் தயிரை வாங்கிக்கொண்டு "செரியாணு சேச்சி" என்று ஒத்துக்கொண்டு மேலே போய்விட்டார். கோபித்துக்கொள்ளத் தெரியாத மனுஷனிடம் எனக்குப் பேச்சு ஓடாது.

நாங்கள் மூன்று தலைமுறையாகக் கொச்சி மட்டாஞ்சேரித் தமிழர்கள். வீட்டில் தமிழ், தெருவில் மலையாளம், கோபம் வந்தால் இரண்டும். பள்ளிக்கூடத்தில் நான் படித்தது மலையாளம்தான். தமிழ் எழுத்து வார இதழ்த் தொடர்கதைகளால் ஒட்டிக்கொண்டது, பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும். இட்லி தோசைக்கு மாவு அரைத்து விற்கிறேன். என் வீட்டுக்காரருக்கு வல்லார்பாடம் துறைமுகத்தில் கிரேன் ஓட்டும் வேலை. கப்பலிலிருந்து கண்டெய்னரைத் தூக்கும் பெரிய கிரேன். அந்தக் கூண்டு எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்று கல்யாணமான புதிதில் ஒரு தடவை கூட்டிப்போய்க் காட்டினார். காட்டாமல் இருந்திருக்கலாம். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. வேலை முடிந்து கீழே இறங்கியதும் அவர் எனக்கு ஒரு மிஸ்டு கால் கொடுக்க வேண்டும். நான் எடுக்கமாட்டேன். மணி அடித்து நின்றால் போதும், அதற்குப் பிறகுதான் எனக்கு அடுத்த வேலை ஓடும்.

கிர்கிஸ்தான் என்று ஒரு தேசம் இருப்பது மாடிக்காரர் குடிவந்த பிறகுதான் எங்கள் தெருவுக்குத் தெரியும். கடலே இல்லாத நாடாம். மலை, குதிரை, பனி. அங்கே கிக் பாக்சிங்கில் பெரிய ஆளாக இருந்தவர், கொச்சியில் தேவரா பக்கம் ஒரு ஜிம்மில் சொல்லிக்கொடுப்பதற்காக வந்தார். அந்த ஜிம்முக்கு உடம்பைக் குறைக்க வந்த சென்னை ஃபைட் மாஸ்டர் ஒருவர் இவருடைய காலைப் பார்த்தார். அடுத்த மாதமே இவர் சினிமாவில் அடிவாங்க ஆரம்பித்துவிட்டார்.

அவருக்குச் சோறு போட்டது பாதி காலும் பாதி முகமும். மலையாளப் படத்தில் சீனாக்காரன், தமிழில் பர்மா கடத்தல்காரன், தெலுங்கில் ஜப்பான் அடியாள். ஒரே ஒரு கன்னடப் படத்தில் கிர்கிஸ்தான்காரன் வேஷம் இருக்கிறது என்று கூப்பிட்டார்கள். ஆசையாகப் போனார். முகம் அந்த நாட்டுக்காரன் மாதிரி இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இதைச் சொல்லிச் சொல்லி நானும் அவரும் சிரித்ததில்தான் எங்களுக்குள் சிநேகமானது. நான் அவரைத் தம்பி என்று கூப்பிட ஆரம்பித்தேன்.

ஷூட்டிங் இல்லாத நாளில் மாடியில் பழைய மெத்தையைப் போட்டு விழுந்து பழகுவார். தொப்பென்று சத்தம் கேட்கும், கொஞ்ச நேரம் ஒன்றும் கேட்காது, மறுபடி தொப்பென்று ஒரு சத்தம். மாவு வாங்க வருகிறவர்கள் அண்ணாந்து பார்ப்பார்கள். "ஒண்ணுமில்ல, சாகப் படிக்கிறார்" என்பேன். கொடியில் அவர் காயப்போடும் சட்டைகளில் ரத்தச் சாயம் இளஞ்சிவப்பாகத் தங்கியிருக்கும். பக்கத்து வீட்டம்மா ஒருநாள் ரகசியமாக, போலீசுக்குச் சொல்ல வேண்டாமா என்று கேட்டாள்.

அவருக்கு ஊரில் இருப்பது அம்மா மட்டும். அப்பா லாரி ஓட்டியவர். பனிக்காலத்தில் மலைப்பாதையில் வண்டி உருண்டு, போனவர் போனவர்தான். மகன் சினிமாவில் நடிக்கிறான் என்றதும் அந்த அம்மா முதலில் சந்தோஷப்பட்டிருக்கிறார். பிறகு பார்த்தால் எல்லாப் படத்திலும் மகன் சாகிறான். கழுத்து முறிந்து, தண்ணீரில் அமுங்கி, தீயில். அதையும் பொறுத்துக்கொண்டார். ஆனால் ஒரு படத்தில் இவர் ஓட்டும் ஜீப் வாகமண் மலைப்பக்கம் ஒரு சரிவில் உருண்டு போகிறது. ஊரில் யாரோ ஒரு மகராசன் அந்தத் துண்டை மட்டும் வெட்டி, உங்கள் மகன் என்று அந்த அம்மாவின் போனுக்கு அனுப்பிவைத்துவிட்டான்.

இரண்டு வாரம் அந்த அம்மா பேசவில்லை. பிறகு பேசியதும் ஒரே பேச்சுதான். இனி உன் படம் எதையும் பார்க்கமாட்டேன். பனி உருகியதும் வந்துவிடு. இங்கே பள்ளிக்கூடத்தில் மல்யுத்தம் சொல்லிக்கொடுக்க ஆள் தேடுகிறார்கள். வராவிட்டால் எனக்குப் போன் செய்யாதே.

இதை அவர் என் அடுப்படி வாசலில் உட்கார்ந்துதான் சொன்னார். தட்டில் தோசை ஆறிப்போனது. அவருக்கு இந்த வேலை உயிர். போனால் இன்னொரு தடவை இப்படி வாய்க்காது. போகாவிட்டால் அம்மா இல்லை. "சாகாம ஒரு படம் பண்ணிக் காட்டினா ஒருவேளை மனசு மாறும்" என்றார். எனக்கும் அது நல்ல யோசனையாகத்தான் பட்டது. ஃபைட் மாஸ்டரிடம் போய்க் கேட்டிருக்கிறார்.

"மாஸ்டர், இந்தப் படத்துல என்னை ஜெயிலுக்கு அனுப்பிடுங்க."

"உன்னை ஜெயிலுக்கு அனுப்பிட்டா ஜனங்க எப்படிடா திருப்தியா வீட்டுக்குப் போவாங்க?" என்றாராம் மாஸ்டர்.

கொஞ்ச நாளில் எங்கள் பஜார் பக்கமே ஷூட்டிங் வந்தது. சுக்கு மூட்டை அடுக்கும் ஒரு பழைய கிடங்கை வாடகைக்குப் பிடித்திருந்தார்கள். யூனிட் சாப்பாட்டுக்கு மாவு என்னிடம்தான் வாங்கினார்கள். மாவைக் கொடுத்துவிட்டுத் திரும்பும்போது தம்பி ஓடிவந்து, இருந்து பார்த்துவிட்டுப் போகச் சொன்னார். ஃபைட் மாஸ்டர் தனக்குப் பக்கத்திலேயே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்.

டிவியில் பார்ப்பது வேறு. கதாநாயகன் கம்பியை ஓங்கினான், தம்பி மூட்டைகள்மேல் சரிந்து தரையில் வந்து விழுந்தார். வாயோரம் சிவப்பாக வழிந்தது. கண் என்னைப் பார்த்தபடி நின்றுவிட்டது. சர்க்கரைப் பாகும் சாயமும் என்று தெரியும், காலையில் என் கையால் தோசை தின்றவர் என்றும் தெரியும். இருந்தும் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினேன். டைரக்டர் கட் சொன்னார். நான் எழுந்துவிட்டேன்.

"இரும்மா" என்றார் மாஸ்டர். பிறகு தம்பியைப் பார்த்து, "டேய், சிரி" என்று கத்தினார்.

தம்பி படுத்த வாக்கிலேயே தலையைத் திருப்பி, கேமராவைப் பார்த்துச் சிரித்தார். பல்லெல்லாம் ரத்தம். ஆனால் அப்படி ஒரு சிரிப்பை நான் அவர் முகத்தில் பார்த்ததே இல்லை. பொய் சொல்லி மாட்டிக்கொண்ட குழந்தை சிரிக்குமே, அந்தச் சிரிப்பு.

"இது எதுக்கு மாஸ்டர்?"

"சினிமாவுல செத்த மாதிரி நடிச்சா அப்படியே விட்டுரக் கூடாதும்மா. உடனே கேமராவப் பாத்து ஒரு சிரிப்பு சிரிச்சிரணும். சாவு ஒட்டாமப் போயிரும். பெரிய ஹீரோவா இருந்தாலும் இதுல விலக்கு கிடையாது."

"இது படத்துல வருமா?"

"அதெப்படி வரும்? வெட்டிருவாங்க."

அந்த நேரம் பார்த்து என் போன் அடித்து நின்றது. வீட்டுக்காரர் கிரேனிலிருந்து இறங்கிவிட்டார். நான் போனை மடியில் வைத்துக்கொண்டு மறுபடி உட்கார்ந்துவிட்டேன். எனக்குக் கோபம் வந்தது, யார்மேல் என்று தெரியவில்லை. சாகிறது உலகம் பூராவும் போகிறது, அந்த அம்மாவின் போன் வரைக்கும் போகிறது. எழுந்து சிரிக்கிறது மட்டும் குப்பைக்குப் போகிறது.

முகம் கழுவிவிட்டு வந்தவரிடம், "தம்பி, உங்க அம்மாவ இங்க கூட்டிட்டு வா" என்றேன். "அவங்க விமானமே ஏறினதில்ல சேச்சி." "நம்ம வீட்டு மிக்ஸியும் கிரைண்டரும் கூடத்தான் ஏறினதில்ல, வந்து சேரலையா?" என்றேன். நியாயமில்லாத பதில்தான். ஆனால் சில சமயம் நியாயத்தைவிட அதட்டல் வேலை செய்யும்.

வரச் சொன்னதும் அந்த அம்மா வந்துவிட்டார், பனி உருகும்வரை காத்திருக்கவில்லை. டெல்லியில் விமானம் மாறி, தலையில் பூப்போட்ட துணி கட்டி, கையில் ஒரு பை நிறைய உலர்ந்த தயிர் உருண்டைகளோடு வந்து இறங்கினார். அதன் உப்பும் புளிப்பும் இன்னும் என் நாக்கில் இருக்கிறது. இரண்டாம் நாளே, அவர் வந்தது ஊர் பார்க்க அல்ல, மகனைக் கையோடு கூட்டிப்போக என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. பரண்மேல் இருந்த மகனுடைய பெட்டியை இறக்கித் துடைத்து வைத்திருந்தார்.

எங்கள் இருவருக்கும் பொதுப் பாஷை கிடையாது. அதனால் சண்டையும் வரவில்லை. காலையில் கீழே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்து உளுந்து களைவார். ரொட்டியைக் கவிழ்த்து வைக்கக் கூடாதென்பது அவர்கள் ஊர் வழக்கமாம், நான் தட்டில் போடும் தோசையை ஒவ்வொரு தடவையும் திருப்பிப் போடுவார். சாம்பார் பிடிக்கவில்லை. கப்பைக்கிழங்கும் மீன்கறியும் கேட்டுக்கேட்டுச் சாப்பிட்டார். ஆனால் ஒரு தடவைகூடச் சிரிக்கவில்லை. என் வீட்டுக்காரர் அசட்டுத்தனமாக நடித்தெல்லாம் காட்டினார். ம்ஹூம்.

சுக்குக் கிடங்குப் படம் அப்போதுதான் வெளியானது. பார்க்கமாட்டேன் என்றார் அந்த அம்மா. நான் அவர் தலைத்துணியை எடுத்து நீட்டிக்கொண்டு வாசலில் நின்றேன். என் பிடிவாதத்துக்குப் பாஷை தேவையில்லை. ஃபோர்ட் கொச்சியிலிருந்து போட் ஏறி மூன்று பேரும் எர்ணாகுளம் போனோம், பகல் காட்சிக்கு. நடுவில் அந்த அம்மா, ஒரு பக்கம் மகன், ஒரு பக்கம் நான்.

கிடங்கு வந்ததும் எனக்கே உள்ளங்கை வேர்த்தது. கம்பி ஓங்கியது, மூட்டைகள் சரிந்தன, அந்தக் கண் திரை முழுக்க வந்து நின்றது. தியேட்டரே விசிலடித்தது. அந்த அம்மா என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தார். பிறகு என்னை விட்டுவிட்டு, மகன் பக்கம் திரும்பி, காய்ச்சல் பார்ப்பதுபோல அவர் கழுத்தில் கை வைத்தார். வைத்த கையைப் படம் முடியும்வரை எடுக்கவில்லை. வெளியே வரும்போது ஒரு பையன் "சேட்டா, நிங்ஙளல்லே மரிச்சது?" என்று வந்து, செத்தவரோடு ஒரு செல்ஃபி எடுத்துக்கொண்டான். எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைத்தேன்.

ஆகவில்லை. அந்த அம்மா வீட்டுக்கு வந்ததும் மாடிக் கதவைச் சாத்திக்கொண்டார். மறுநாள் காலையில் தோசையோடு மேலே போனால், பெட்டி திறந்து கிடக்கிறது. மகனுடைய சட்டைகள், அந்த இளஞ்சிவப்புக் கறையோடு, மடித்து உள்ளே அடுக்கியாகிவிட்டது. தம்பி ஜன்னலோரம் தலையைக் குனிந்து நிற்கிறார். போகத் தயாராகிவிட்டார் என்று முகமே சொன்னது. எனக்கு அழுகை வந்தது. எனக்கு அழுகை வந்தால் சத்தமாகத்தான் வரும்.

"அந்தச் சிரிப்ப அம்மாகிட்டச் சொன்னியா?"

"எந்தச் சிரிப்பு?"

"செத்ததும் சிரிப்பியே. அதச் சொல்லு."

அவர் தயங்கினார். அது சினிமாக்காரர்களின் வெறும் சடங்கு, அதைச் சொல்லி என்ன ஆகப்போகிறது என்றார். நான் தட்டை ஓசைப்பட வைத்தேன். சொன்னார். அந்த அம்மா கையிலிருந்த கடைசிச் சட்டையை மடிக்காமல் நிறுத்தினார். பிறகு அவர் கேட்க, தம்பி பதில் சொல்லி, எனக்கும் தமிழிலும் மலையாளத்திலுமாகச் சொல்லிக்கொண்டே வந்தார்.

"ஒவ்வொரு தடவையும் சிரிச்சியா?"

"ஆமா."

"யாரப் பாத்து?"

"கேமராவ."

"அத யாரு பாத்தது?"

"யாரும் பாக்கல. வெட்டிருவாங்க."

அந்த அம்மா கையிலிருந்த சட்டையைக் கீழே வைத்தார். பிறகு கட்டிலில் உட்கார்ந்து, மகனைத் தரையில் தனக்கு எதிரே உட்காரச் சொன்னார். தன் போனை எடுத்தார். பார்க்கவே மாட்டேன் என்றாரே, எல்லாச் சாவையும் அதில் வைத்திருந்தார். ஒன்றைப் போட்டார். கண்ணாடி மேஜை நொறுங்கியது. போனைத் திருப்பி வைத்துவிட்டு மகன் முகத்தைப் பார்த்தார். என்ன கேட்கிறார் என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

தம்பி வெட்கத்தோடு சிரித்தார். அந்த அம்மா தலையை ஆட்டிவிட்டு அடுத்ததைப் போட்டார். தண்ணீர். சிரித்தார். தீ. சிரித்தார். முதலில் எனக்கு வேடிக்கையாக இருந்தது, பிறகுதான் விளங்கியது. வர வேண்டிய சிரிப்பையெல்லாம் அந்த அம்மா ஒவ்வொன்றாக வாங்கிக்கொண்டிருந்தார். கடைசியாக ஜீப் வந்தது. அதை அவரால் தொட முடியவில்லை, விரல் மேலேயே நின்றது. மகன்தான் எட்டி அழுத்தினார். ஜீப் உருண்டது. சிரிக்க வாயைத் திறந்தவர் அழுதுவிட்டார். அந்த அம்மா அவசரப்படுத்தவில்லை. மாவு புளிக்கக் காத்திருப்பதுபோல, மடியில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். கடைசியில் அந்தச் சிரிப்பும் வந்தது, மூக்கும் கண்ணும் ஒழுக.

பெட்டியிலிருந்து சட்டைகளை எடுத்து மறுபடி கொடியில் போட்டது நான்தான். யாரும் தடுக்கவில்லை. அந்த அம்மா தனியாக ஊருக்குத் திரும்பினார், ஒரே ஒரு நிபந்தனையோடு. கேமராவுக்குச் சிரித்த கையோடு, போனில் தனக்கும் சிரிக்க வேண்டும்.

ஷூட்டிங்கில் போனை வெளியே எடுக்க விடமாட்டார்கள். தம்பி எப்படிக் கேட்டாரோ, மாஸ்டரிடம் கேட்டுவிட்டார். மாஸ்டருக்கும் ஊரில் ஒரு அம்மா இருந்திருக்க வேண்டும். இப்போது தம்பி செத்ததும் முதலில் கேமராவுக்குச் சிரிக்கிறார். பிறகு மாஸ்டர் தன் பையிலிருந்து போனை எடுத்துக் கொடுக்கிறார். கழுத்தில் வெட்டு, நெற்றியில் குண்டு, அந்தக் கோலத்திலேயே வீடியோவில் அம்மாவைக் கூப்பிட்டுச் சிரிக்கிறார். யூனிட்டில் அதற்கு "அம்மா ஷாட்" என்றே பெயர் வைத்துவிட்டார்கள். லைட்காரர்கள்கூட அது முடியாமல் விளக்கை அணைக்கமாட்டார்களாம். அது முடிந்ததும் எனக்கும் ஒரு மிஸ்டு கால் வரும். சில நாள் வல்லார்பாடத்திலிருந்து ஒன்றும் சாவிலிருந்து ஒன்றுமாக அடுத்தடுத்து அடிக்கும். நான் இரண்டையும் எடுப்பதில்லை.

போன வாரம் தம்பி படியில் தடதடவென்று ஓடிவந்தார். ஒரு புது டைரக்டர் கூப்பிட்டிருக்கிறாராம். முதல் காட்சியிலிருந்து கடைசிக் காட்சிவரை வருகிற வேஷம், நிஜமாகவே கிர்கிஸ்தான்காரன் வேஷம். சண்டை உண்டு, சாவு கிடையாது. கடைசியில் இங்கே கொச்சிப் பக்கம் கும்பளங்கியில் சாயாக்கடை வைத்துப் பிழைத்துக்கொள்கிறானாம். எனக்குச் சந்தோஷத்தில் கை ஓடவில்லை. என் அடுப்படியிலிருந்தே அம்மாவைக் கூப்பிட்டார். மூச்சு விடாமல் சொல்லி முடித்தார். பிறகு அந்த அம்மா ஏதோ கேட்டார். தம்பியின் முகம் போன போக்கைப் பார்த்து, "என்னவாம்?" என்றேன்.

"சாகலன்னா போன் வராதான்னு கேக்கறாங்க சேச்சி."

"சாகாத அன்னைக்கும் கூப்பிடுவேன்னு சொல்லு."

சொன்னார். வந்திருந்த நாளெல்லாம் எங்கள் வீட்டில் ஒரு தடவைகூடச் சிரிக்காத அந்த அம்மா, அங்கே தன் வீட்டில் உட்கார்ந்து சிரித்தது என் அடுப்படி முழுக்கக் கேட்டது.